ஊர் நினைவுநாள் நாடகத்தில் சுடுகிற காட்சி வேண்டுமா?

கொப்பிக்காரன் (ஞாயிறு, இரவு 10:12)

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் எங்கள் ஊர். பேர் வேண்டாம், தெரிந்தவர்களுக்குத் தெரியும். வருகிற நினைவுநாளில் விளக்கு ஏற்றி, பேர் வாசித்து, கஞ்சி கொடுப்பதோடு நிற்காமல் நாடகமும் ஒன்று போடலாம் என்று இளைஞர்கள் வந்து கேட்டார்கள். 14 பேர். ஆமி எங்கள் சனத்தைக் கொன்ற அந்த நாளில் அவர்களில் ஒருவரும் பிறந்திருக்கவில்லை. கூத்தில் கொப்பி பார்த்துப் பழகியவன் என்பதால் என்னைப் பிடித்துக்கொண்டார்கள்.

மூன்று கிழமை பழகிய பிறகு, முந்தாநாள் கோயில் பின்வளவில் முழுதாக ஓட்டிப் பார்த்தோம். பெடியன்கள் பச்சைக் காற்சட்டை போட்டு, பிளாஸ்டிக் குழாயில் துவக்குச் செய்து கறுப்பு அடித்து வைத்திருந்தார்கள். சத்தத்துக்குச் சீனவெடி. வெடி போட்டதும் முன்னால் பாயில் இருந்த பெரியம்மா எழும்பினா. அழவில்லை, கத்தவில்லை. வெற்றிலைப் பையை இடுப்பில் செருகிக்கொண்டு நேரே வீட்டுக்குப் போய்விட்டா. அவவின் குடும்பத்தில் அன்றைக்கு மூன்று பேர்.

அந்தக் காட்சியை எடுக்க வேண்டும் என்கிறேன் நான். பெடியன்களோ, "என்ன நடந்ததெண்டு காட்டத்தானே அண்ணன் போடுறம், அது இல்லாட்டி என்ன நாடகம்?" என்கிறார்கள். நாலு பேர் கோபித்துக்கொண்டு நேற்றுப் பழக வரவில்லை. அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

பழைய பனை (ஞாயிறு, இரவு 10:40)

முப்பது வருசத்துக்கு மேலாகிவிட்டது தம்பி. அந்தப் பிள்ளைகளுக்கு ஒரு கம்பியூட்டர் வகுப்பு வையுங்கள், புண்ணியம் கிடைக்கும். ஆறின புண்ணை ஏன் கிண்டுகிறீர்கள்?

கொப்பிக்காரன் (ஞாயிறு, இரவு 10:51)

ஆறியிருந்தால் பெரியம்மா எழும்பிப் போயிருக்கமாட்டா அண்ணன்.

மத்தளம் (திங்கள், காலை 6:20)

என் அப்பா வடமோடிக் கூத்துப் பழக்குகிற அண்ணாவியார். நான் மத்தளம் அடித்து வளர்ந்தவன். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

கூத்தில் சாவே இல்லையா? விடிய விடிய ஆடுகிற பதினெட்டாம் போரில் எத்தனை பேர் சாகிறார்கள்! ஆனால் கூத்தாடுகிற களரியில் ஒருவன் சாவதை நாங்கள் செய்து காட்டுவதில்லை, ஆடிக் காட்டுகிறோம். தாளம் ஏறும், ஆட்டம் இறுகும், பிறகு மத்தளம் ஓயும். ஓய்ந்த இடத்தில் ஒரு விருத்தம். அவ்வளவுதான், சுற்றி இருக்கிற சனம் முந்தானையை எடுத்துவிடும். அபிமன்னன் செத்த இரவில் எங்கள் ஊர்க் களரியில் யாரும் வீட்டுக்கு எழும்பிப் போனதை நான் கண்டதில்லை. அழுதார்கள், ஆனால் இருந்து அழுதார்கள்.

சீனவெடி வேறு கதை. அது சபையோரைக் கேட்டுவிட்டு வெடிப்பதில்லை.

கூத்துப் பாட்டை மாற்றினால் குற்றம் என்று பயப்படவும் வேண்டாம். 2000களின் தொடக்கத்தில் மட்டக்களப்புச் சீலாமுனையில் கிழக்குப் பல்கலைக்கழக ஜெயசங்கர் சேர் ஆட்கள் ஊராரோடு இருந்து கூத்தை மீளுருவாக்கம் செய்தார்கள். பெண்களைப் பற்றி, சாதியைப் பற்றிப் பழைய கொப்பியில் கிடந்த வரிகளை ஊராரே கேள்வி கேட்டார்கள். அண்ணாவியாரும் இருந்தார், ஆடுகிற பெடியன்களும் இருந்தார்கள். நீங்களும் அந்தப் பெரியம்மாவைக் கூப்பிட்டு இருத்திக் கேளுங்கள். பழகி முடித்த பிறகு காட்டுவதில் என்ன பயன்?

கல்லடிப் பாலம் (திங்கள், மதியம் 1:05)

நான் கல்லடியில் விபுலானந்த நிறுவகத்தில் நாடகம் படித்தவள், இப்போது பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கிறேன். மத்தளம் அண்ணன் சொன்னதோடு இன்னொன்று சேர்க்கிறேன். அடுத்து யாராவது வந்து, "சனத்தையும் மேடைக்குக் கூப்பிடுங்கள், பங்கேற்பு அரங்கு செய்யுங்கள்" என்று சொல்வார்கள் என்று எனக்குத் தெரியும்.

பிரேசில்காரர் அகுஸ்தோ போவால் 1970களில் வளர்த்த முறை அது. அநீதி நடக்கிற இடத்தில் நாடகத்தை நிறுத்தி, பார்க்க வந்தவர்களில் ஒருவரை எழுப்பி, "நீங்கள் இவருடைய இடத்தில் இருந்தால் என்ன செய்வீர்கள்?" என்று ஏற்றி விடுவார்கள். குடிகார மாப்பிள்ளை, சம்பளம் கொடுக்காத முதலாளி, கடன் சங்கத்துக்காரன், இதற்கெல்லாம் அருமையான முறை. நானே செய்திருக்கிறேன். ஆனால் படுகொலைக்கு அதைக் கொண்டு வராதீர்கள். வரிசையில் நிறுத்தப்பட்டவனின் இடத்தில் போய் நின்று நீ என்னத்தை மாற்றுவாய்? அந்தக் கேள்வியைக் கேட்டவுடனேயே, செத்தவன் ஏதோ பிழையாக முடிவெடுத்தான், வேறு ஒழுங்கையால் ஓடியிருக்கலாம் என்று ஆகிவிடும். தப்பி வந்தவர்கள் அந்தக் கேள்வியை இரவு இரவாகத் தங்களையே கேட்டு முடித்தவர்கள். அதை மைக் வைத்தும் கேட்க வேண்டுமா?

எனக்கு இதைக் கற்றுத் தந்தது பாடப்புத்தகம் இல்லை. 1996இல் மட்டக்களப்பில் வண்ணத்துப்பூச்சிப் பூங்கா தொடங்கியது. தமிழ் ஊர், முஸ்லிம் ஊர் இரண்டிலிருந்தும் பிள்ளைகளைக் கூட்டி வருவார்கள். நானும் போனேன். "என்ன நடந்தது, சொல்லு" என்று ஒருவரும் கேட்டதில்லை. களிமண் தந்தார்கள். நான் ஆறு மாதம் வெறும் ஆடுதான் செய்தேன். எங்கள் ஆடு எரிந்து செத்தது என்பதை ஏழாவது மாதம்தான் சொன்னேன். அதற்கு முதல் கேட்டிருந்தால் பூங்காப் பக்கமே போயிருக்கமாட்டேன்.

சுவிஸ் மச்சான் (திங்கள், மாலை 4:33)

பெருவில் யுயாச்கானி என்று ஒரு நாடகக் குழு இருக்கிறது. கேச்சுவா மொழியில் அந்தச் சொல்லுக்கு "நினைத்துக்கொண்டிருக்கிறேன்" என்று பொருள். அங்கே 1980 முதல் 2000 வரை நடந்ததை உண்மை ஆணைக்குழு விசாரித்தபோது, மலை ஊர்களில் சாட்சி கேட்கும் அமர்வுகளுக்கு முன்னால் இவர்கள் அந்தந்த ஊருக்குப் போய் ஆடினார்கள். 2003இல் வந்த அறிக்கை கொல்லப்பட்டவர்களும் காணாமற்போனவர்களும் 69,000 பேருக்கு மேல் என்று கணக்கிட்டது. அதில் முக்கால்வாசிப் பேர் கேச்சுவா போன்ற பூர்வகுடி மொழி பேசியவர்கள்.

எனக்கு மறக்க முடியாதது, ஒரு நடிகை சந்தைக்குள்ளே மரக்கறிக் கடைகளுக்கு நடுவில் ஒரு சின்ன மேடையில் ஏறி நிற்பார். காணாமற்போன மகனைத் தேடிச் செத்து, செத்த பிறகும் தேடி வருகிற தாய் அவர். துவக்கும் இல்லை, சுடுகிறவனும் இல்லை. சாமான் வாங்க வந்த பெண்கள் கூடையோடு அப்படியே நிற்பார்கள்.

பழைய பனை (திங்கள், மாலை 4:50)

மச்சானுக்குப் பெரு தெரியும், பெரியகல்லாறு எங்கே என்று தெரியுமோ என்னவோ.

சுவிஸ் மச்சான் (திங்கள், மாலை 4:58)

பெரியகல்லாற்றில்தான் பெண் எடுத்தேன் ஐயா.

அம்பாறை வீதி (திங்கள், இரவு 8:15)

காட்டுவதா வேண்டாமா என்பதற்கு எங்கள் மாவட்டத்திலேயே ஒரு பதில் நிற்கிறது. 1987 ஜூன் 2, அரந்தலாவையில் பிக்குகள் போன பஸ்ஸை மறித்துப் புலிகள் வெட்டியும் சுட்டும் கொன்றார்கள். 33 பிக்குகள், அதில் நிறையப் பேர் சின்னப் பிள்ளைத் துறவிகள். இப்போது அந்த இடத்தில் பஸ்ஸை வைத்து, உள்ளே ஆளளவு சிலைகளாக அந்த நிமிசத்தையே செய்து வைத்திருக்கிறார்கள். நான் போய்ப் பார்த்தேன். தமிழன் என்று யாரும் ஒன்றும் சொல்லவில்லை, பூவும் வைத்தேன். ஆனால் வெளியே வரும்போது எனக்கு அந்தப் பிள்ளைகளின் முகம் ஒன்றும் ஞாபகமில்லை, கத்தியைத்தான் ஞாபகம். பக்கத்தில் பாடசாலைப் பிள்ளைகள் சுற்றுலா வந்திருந்தார்கள். அவர்களும் வெட்டுகிறவனைத்தான் போனில் படம் பிடித்துக்கொண்டு நின்றார்கள். செத்த பிள்ளைகள் அன்று எங்கே போய்க்கொண்டிருந்தார்கள் என்று ஒருவனும் கேட்கவில்லை.

உங்கள் பெடியன்களும் ஆமி வேசத்தைத்தான் ஆசையாகச் செய்திருப்பார்கள், பாருங்கள். துவக்குக்குக் கறுப்பு அடிக்க எவ்வளவு நேரம் எடுத்தார்கள், செத்த ஆளைப் பற்றி விசாரிக்க எவ்வளவு நேரம் எடுத்தார்கள்?

கொப்பிக்காரன் (திங்கள், இரவு 9:02)

துவக்குக்கு இரண்டு நாள். மற்றதற்கு... சரி, விளங்குகிறது.

வாவிக்கரை நானா (திங்கள், இரவு 11:30)

நான் காத்தான்குடி. இந்த இழையை மூன்று தரம் படித்துவிட்டு எழுதுகிறேன்.

என் மாமா 1990 ஆகஸ்ட் 3 இரவு இஷாத் தொழுகைக்கு மீரா ஜும்ஆப் பள்ளிக்குப் போனவர். ஹுஸைனியாப் பள்ளியிலும் அதே நேரம் நடந்தது. நூறு பேருக்கு மேல் ஷஹீதானார்கள். சுவரில் சூட்டு ஓட்டைகளை இன்றைக்கும் பூசாமல் வைத்திருக்கிறோம். புலிகள் மறுத்தார்கள் என்பதும் தெரியும், யார் வந்தார்கள் என்று எங்கள் ஊருக்கும் தெரியும்.

கொப்பிக்காரன் தம்பி, போன மாதம் உங்கள் நாடகப் பாட்டில் ஒன்றை வேறொரு இழையில் போட்டிருந்தீர்கள். "கிழக்கில் செத்த எம் உறவெல்லாம்" என்று ஒரு வரி. நல்ல மெட்டு. எனக்கு ஒரு கேள்விதான். அந்தக் "கிழக்கில்" என் மாமா இருக்கிறாரா? இருக்கிறார் என்றால் நாடகத்தில் துவக்கோடு வருகிறவன் ஆமி மட்டும் என்று எப்படி? எங்கள் மையத்தை, எங்களில் செத்தவர்களை, நீங்கள் எடுத்து நடிக்கத் தேவையில்லை. அதைக் கேட்கவில்லை. வரியைத்தான் கேட்கிறேன்.

மட்டுறுத்துநர் (செவ்வாய், காலை 7:10)

இரவில் வந்த ஐந்து பதிவுகளை நீக்கியிருக்கிறேன். ஊர்காவல்படை என்ன செய்தது, யார் முதலில் தொடங்கினார்கள், யாருக்கு எத்தனை என்று ஏலம் போட இந்த இழை இல்லை. தொடருங்கள்.

அம்பாறை வீதி (செவ்வாய், காலை 9:44)

நானா, நான் வீரமுனைப் பக்கம். 1990 ஆகஸ்ட் 12 எங்கள் கோயிலில் தஞ்சமிருந்த தமிழ்ச் சனத்தைக் கொன்றார்கள். அதற்கு முதல் நாள் இரவுதான் ஏறாவூரில் முஸ்லிம் வீடுகளுக்குள் புகுந்து நூறு பேருக்கு மேல் வெட்டப்பட்டார்கள். ஒரு விடியலுக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும். இந்த இரண்டையும் ஒரே வாயால், நடுவில் "ஆனால்" போடாமல் சொல்ல எனக்கு இருபது வருசம் எடுத்தது. கொப்பிக்காரனிடம் மூன்று கிழமையில் அதை எதிர்பார்க்கவும் முடியாது, எதிர்பார்க்காமல் விடவும் முடியாது.

கல்லடிப் பாலம் (செவ்வாய், மதியம் 12:20)

எண்ணிக்கை என்று வந்ததால் ஒன்று. ஏலம் வேண்டாம் என்பது சரி, ஆனால் எண்ணுவதே வேண்டாம் என்று ஆகிவிடக்கூடாது. 1991 ஜூன் 12 கொக்கட்டிச்சோலையில் கண்ணிவெடியில் ஆமிக்காரர் இருவர் இறந்த பிறகு நடந்ததில் 152 பேர் என்கிறது ஊர். ஆணைக்குழு 67 என்று எழுதியது. மீதிப் பேர் எங்கே போனார்கள்? இராணுவ நீதிமன்றம் சிப்பாய்களை விட்டுவிட்டது. சத்துருக்கொண்டானில் 1990 செப்டெம்பர் 9 அன்று 184 பேர். அதற்கு நாலு நாள் முதல் வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் அகதிகளாக இருந்தவர்களில் 158 பேரைக் கூட்டிக்கொண்டு போனார்கள். நீதிபதி பாலகிட்ணர் விசாரித்தார், சாட்சிகள் வந்து சொன்னார்கள், ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. அதனால்தான் ஊர்களில் பேர் வாசிக்கிறார்கள். கணக்கில் விடுபட்டவனை மைக்கில் கூப்பிடுவது அது.

பழைய பனை (செவ்வாய், மதியம் 2:15)

இவ்வளவும் சொல்கிறீர்கள், கடைசியில் நல்லிணக்கம் என்று ஒன்று வேண்டாமா? போன வருசம் ஒரு நிறுவனம் எங்கள் பக்கம் வந்து மூன்று இனப் பிள்ளைகளையும் சேர்த்துப் புறா பறக்கவிட்டு நாடகம் போட்டது. சனம் சந்தோசமாகப் பார்த்தது.

மத்தளம் (செவ்வாய், மாலை 6:05)

பனை அண்ணன், உங்களுக்கு வைகாசிச் சடங்கு தெரியாதா? கண்ணகி அம்மன் கோயிலில் கதவு திறந்து முதல் நாளே குளிர்த்தி பாடுகிறோமா? நாள் கணக்கில் வழக்குரை படிக்கிறோம். அவள் சிலம்போடு பாண்டியனிடம் போகிறாள், கேட்கிறாள், அவன் பதில் சொல்ல முடியாமல் நிற்கிறான், மதுரை எரிகிறது. அவ்வளவையும் ஊர் இருந்து கேட்ட பிறகுதான் கடைசியில் குளிர்த்தி. அப்போதுதான் அம்மன் குளிர்வாள் என்று எங்கள் ஆச்சிமாருக்குத் தெரியும்.

உங்கள் புறா நாடகம் வழக்குரை படிக்காமல் குளிர்த்தி பாடுகிற வேலை. பக்கத்து ஊர்க் கோயிலில் இப்படிச் செய்தால் நீங்களே பூசை செய்கிற கப்புகனாரோடு சண்டைக்குப் போவீர்கள்.

நானாவுக்கும் இதையே சொல்கிறேன். உங்கள் ஊர் வழக்கை நீங்கள்தான் உரைக்க வேண்டும். நாங்கள் வந்து இருந்து கேட்க வேண்டும். கேட்க வராதது எங்கள் பிழை. அதை மறைக்கமாட்டேன்.

பழைய பனை (செவ்வாய், மாலை 6:31)

புறாவை நான் பறக்கவிடவில்லை ஐயா. ஆனால் சொன்னது விளங்கிற்று.

கொப்பிக்காரன் (புதன், இரவு 9:15)

இரண்டு விசயம்.

ஒன்று, நானாவின் வரி. பெடியன்களோடு இருந்து கதைத்தோம். ஒருவன் "எல்லாரையும் சேர்த்து இன்னொரு பாட்டு எழுதுவம்" என்றான். இன்னொருவன், "எங்களுக்குக் காத்தான்குடியில ஒருத்தர்ர பேரும் தெரியா, தெரியாம எழுதுறது பொய்" என்றான். அவன் சொன்னதுதான் எனக்குச் சரியாகப் பட்டது. "கிழக்கில் செத்த" என்பதை எடுத்துவிட்டு "இந்த ஊரில் செத்த" என்று மாற்றிவிட்டோம். எங்களுக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

இரண்டு, பெரியம்மா. மத்தளம் அண்ணன் சொன்னபடி வீட்டுக்குப் போய் இருந்தேன். முதல் ஒரு மணித்தியாலம் மாட்டைப் பற்றித்தான் கதைத்தோம். பிறகு தானாகச் சொன்னா: "வெடிச்சத்தத்துக்கு நான் எழும்பல்ல மனே. அது பொய்யெண்டு தெரியும். ஆனா அண்டைக்கு நான் அரிசி கழுவிக்கொண்டு நிண்டன். உலை கொதிச்சுக்கிட்டுக் கிடந்திச்சு. உங்கட நாடகத்தில ஒருத்தரும் ஒரு வேலையும் செய்யல்ல. சாகிறதுக்கெண்டே வந்து நிக்கிறாங்க."

பிறகு சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "மூணாம் நாள் பயந்து பயந்து வீட்டை வந்து பார்த்தா, பானை கிணத்துக்கட்டில கழுவிக் கவுத்துக் கிடக்கு. ஆரு இறக்கின, ஆரு கழுவின? இண்டைக்கும் தெரியா. ஆமிக்காரன் கழுவுவானா? என்ர அக்கா செத்துப் போனாள், அவள் கழுவுவாளா?"

அந்தப் பானை இன்னும் இருக்கிறது. அலுமினியப் பானை, ஒரு பக்கம் நெளிந்தது. எடுத்துக் காட்டினா. "வேணுமெண்டா நாடகத்துக்குக் கொண்டு போ. துவக்கு வேணா" என்றா.

வாவிக்கரை நானா (புதன், இரவு 10:02)

"இந்த ஊரில்" சரி தம்பி. அது நேர்மையான வரி. நான் வருவேன், இடம் எங்கே என்று தனிமடலில் சொல்லுங்கள்.

கல்லடிப் பாலம் (புதன், இரவு 10:40)

எனக்குச் சரியில்லை. வரியைச் சின்னதாக்கி நழுவிவிட்டீர்கள் என்றுதான் படுகிறது. தெரியாது என்றால் போய்த் தெரிந்துகொள்ளலாமே, பாலத்தைத் தாண்டினால் எவ்வளவு தூரம்? ஆனால் பானை விசயத்தில் ஒன்றும் சொல்ல மாட்டேன். அதைத் தொடாதீர்கள், விளக்காதீர்கள். யார் கழுவினது என்று ஒரு பதில் கண்டுபிடித்து வசனம் எழுதிவிடாதீர்கள், தயவுசெய்து.

கொப்பிக்காரன் (இரண்டு கிழமைக்குப் பிறகு, ஞாயிறு, காலை 8:30)

நாடகம் முடிந்தது. கேட்டவர்களுக்காக எழுதுகிறேன்.

வட்டக்களரி போட்டோம், மேடை இல்லை. சனம் சுற்றி இருந்தது. தொடக்கத்தில் அரை மணித்தியாலம் ஒரு சண்டையும் இல்லை. வலை பின்னுகிறார்கள், மாடு அவிழ்க்கிறார்கள், ஒருத்தி மருமகளோடு உப்புக்குச் சண்டை பிடிக்கிறாள். சனம் சிரித்தது. அந்த உப்புச் சண்டை உண்மையில் நடந்தது, பிடித்தவர்களில் ஒருவர் இப்போது இல்லை. இதெல்லாம் பெடியன்கள் வீடு வீடாகப் போய்க் கேட்டு எடுத்தவை. பிறகு மத்தளம் ஏறி, ஏறி, நின்றது. ஆடினவர்கள் செய்துகொண்டிருந்த வேலையை அப்படியே விட்டுவிட்டுக் களரியை விட்டு வெளியே போய், சனத்துக்குப் பின்னால் இருட்டில் நின்றார்கள். களரியில் வலை, உப்புச் சிரட்டை, கயிறு, பானை. அங்கிருந்தே பேர் வாசித்தோம். ஒவ்வொரு பேருக்கும் சொந்தக்காரர் யாராவது போய் அந்தப் பொருட்களில் ஒன்றை எடுத்து வைத்துக்கொண்டு இருந்தார்கள். அப்படிச் செய்யச் சொல்லி நாங்கள் எழுதவில்லை. முதலில் போன ஒரு தாத்தா வலையை எடுத்தார், பிறகு எல்லோரும் எடுத்தார்கள். பொருள் முடிந்துவிட்டது, பேர் முடியவில்லை. அந்த இடத்தில் எனக்குக் கொப்பி தெரியவில்லை, பக்கத்தில் நின்ற பெடியன்தான் மீதியை வாசித்தான்.

பிழைகளும் உண்டு. ஜெனரேட்டர் இரண்டு தரம் நின்றது. கோபித்துப் போன நாலு பேரில் இரண்டு பேர்தான் திரும்பி வந்தார்கள். சிவில் உடுப்பில் வந்த இரண்டு பேர் எல்லோரையும் போனில் படம் எடுத்தார்கள், யார் என்று சொல்லவில்லை. கஞ்சி கொடுத்தோம், குடித்துவிட்டுத்தான் போனார்கள்.

பெரியம்மா வரவில்லை. வீட்டு வாசலில் இருந்து கேட்டாவாம்.

நானா வந்தார். கடைசி வரிசையில் இருந்தார். போகும்போது ஆகஸ்ட் 3 அஸர்த் தொழுகைக்குப் பிறகு வரச் சொல்லி மட்டும் சொல்லிவிட்டுப் போனார். பெடியன்கள் ஒன்பது பேர் வருகிறோம் என்றிருக்கிறார்கள். கல்லடிப் பாலம் அக்கா, நீங்களும் வந்தால் நல்லது, எங்களுக்கு அங்கே எப்படி இருக்க வேண்டும் என்று தெரியாது.

ஒரு சின்னச் சிக்கல். பெடியன்கள் அந்தப் பானையிலேயே கஞ்சி காய்ச்சி விட்டார்கள், என்னிடம் கேட்கவில்லை. அடி முழுக்கக் கரி பிடித்துவிட்டது. தேங்காய்ப் பொச்சு போட்டு மூன்று நாளாகத் தேய்க்கிறேன், போகவில்லை. இப்படியே கொண்டுபோய்க் கொடுக்க முகம் இல்லை.

வாவிக்கரை நானா (ஞாயிறு, காலை 9:12)

பழப்புளியும் சாம்பலும் சேர்த்து இரவு பூசி வையுங்கள் தம்பி. விடியப் பொச்சால் தேயுங்கள், போகும். உம்மா அப்படித்தான் செய்வா.